கிணற்றடியோடு நின்ற கேசட்

தொண்ணூறுகளில் திருச்சுழிப் பக்கம் சடங்கு வீடு, கல்யாண வீடு என்றால் அருப்புக்கோட்டையிலிருந்து டெக் வாடகைக்கு வரும். சாமி படம், எம்.ஜி.ஆர். படம், ரஜினி படம் என்று விடிய விடிய ஓடும். பெண்கள் படுக்கப் போன பிறகு 'அந்தக் கேசட்' ஓடும் என்பார்கள். பூலான் தேவியைப் பற்றிய 'பாண்டிட் குயின்' அப்படித்தான் எங்கள் ஊருக்கு வந்தது, பேச்சாக. பார்த்தவன் சொன்னான் என்றவர்கள் உண்டு. நான் பார்த்தேன் என்றவரை நான் சந்தித்ததில்லை. "நடிப்பு இல்லையாம், நெசமாவே நடக்கவிட்டு எடுத்திருக்கானுகளாம்." கதையின் உயிர் இந்த வாக்கியத்தில்தான் இருந்தது.

சேகர் கபூரின் அந்தப் படம் 1994இல் கேன் விழாவில் திரையிடப்பட்டது. பதினோரு ஆண்டுச் சிறைக்குப் பின் அதே ஆண்டில்தான் வெளியே வந்திருந்த பூலான் தேவி, படத்தைத் தடுக்கக் கோரி டெல்லி உயர் நீதிமன்றம் போனார். உயிரோடிருக்கும் ஒருத்திக்கு நேர்ந்த வன்புணர்வை அவள் சம்மதமில்லாமல் மறுபடி நடத்திக்காட்ட என்ன உரிமை என்று அருந்ததி ராய் கேட்டு எழுதினார். அந்த வழக்கு பிறகு பணத்தில் சமரசமானது. 1996இல் படம் திரைக்கு வந்ததும் இன்னொரு வழக்கு. இம்முறை வந்தவர் ஓர் ஆண். படத்தில் வன்புணர்வு செய்யும் கொள்ளையன் தன் சாதிக்காரனாகக் காட்டப்பட்டதில் அவருக்கு மானம் போய்விட்டதாம்! இந்த வழக்கில் உயர் நீதிமன்றம் சான்றிதழை ரத்து செய்தது. மே 1 அன்று உச்ச நீதிமன்றம் படத்தை அனுமதித்தது.

வதந்திக்கு இதில் எதுவும் தேவைப்படவில்லை. ஊர் நடுவில் ஆடையின்றிக் கிணற்றுக்கு நடத்தப்படும் ஒருத்தி போதும். அங்கே நடந்தது நாயகி சீமா பிஸ்வாஸ்கூட அல்ல, அவருக்குப் பதிலாக வேறொரு பெண். வதந்தி அவளைப் பூலானாகவே ஆக்கிக்கொண்டது. 1976இல் நியூயார்க்கில் 'ஸ்னஃப்' என்ற படம், கடைசியில் ஒரு பெண் உண்மையாகவே கொல்லப்படுகிறாள் என்ற புரளியைக் காட்டியே கூட்டம் சேர்த்தது. பெண்கள் தியேட்டர் வாசலில் மறியல் செய்தார்கள். அந்த நடிகை உயிரோடிருப்பது உறுதியான பிறகும் புரளி சாகவில்லை. நடிப்பு என்று தெரிந்தால் இந்தச் சுவை கெட்டுவிடுகிறது. அவள் நிஜமாக அவமானப்பட வேண்டும், நிஜமாகச் சாக வேண்டும். தடை இருந்தால் இன்னும் வசதி. சரிபார்க்க யாருக்கும் வழியில்லை.

கரிமூட்டத்துக்குக் கருவேலம் வெட்டப்போன பெண்களிடம் இதே கேசட் வேறு கதையாக இருந்தது. ஆண்கள் நிறுத்திய கிணற்றடியில் அவர்கள் ஆரம்பித்தார்கள். "அதுக்கப்புறம் அந்தக் கெணத்துல எப்பிடித் தண்ணி எறைச்சாளுக மத்த பொம்பளைக?" என்று ஓர் அத்தை கேட்டது எந்த விமர்சனத்திலும் நான் வாசிக்காத கேள்வி. குடத்தோடு மைல் கணக்கில் நடந்தவர்களுக்குத்தான் அது தோன்றும். அவர்கள் கதையில் பூலான் திரும்பி வந்து நூறு பேரைச் சுட்டாள். பெஹ்மாயில் 1981 பிப்ரவரி 14 அன்று கொல்லப்பட்டவர்கள் இருபது பேர். நான் சுடவில்லை என்றார் பூலான் தேவி. எனக்குப் பிடித்த இந்தக் கதையும் அவரைக் கேட்டுக் கட்டியதல்ல.