பட்டமும் பட்டாவும்: கம்பம் பள்ளத்தாக்கு வழக்கை முன்னிட்டு ஒரு சொல்லாராய்ச்சி

அரசு ஒருவர்க்கு அதிகாரம் வழங்குதலைக் குறிக்கும் சொற்கள் தமிழிற் பல. ஆணை, ஓலை, முறி, சாசனம் என்பன அவற்றுட் சில. ஆயினும், பட்டம் என்னும் சொல்லைப்போலக் கிளைத்துப் பொருள் விரிந்தது பிறிதொன்றில்லை. நெற்றியிற் கட்டும் பொற்றகடு, அரசுரிமை, சிறப்புப்பெயர், பல்கலைக்கழகத் தேர்ச்சி, காற்றாடி, விதைக்கும் பருவம் என அகராதிகள் இதன் பொருள்களை அடுக்கிச் செல்லும். பட்டயம், பட்டா என்பனவும் இதன் இனமே. எண்ணிட்டு அடுக்குதலோடு அகராதியின் பணி முடிகின்றது. ஆராய்வோன் பணி அங்கேதான் தொடங்குகின்றது. பெயரை மட்டும் நோக்கிப் பொருள் பிரித்தல் ஈண்டுப் போதாது என்பதும், அப்பெயரொடு சேரும் வினையே வழங்கப்பட்ட அதிகாரம் எத்தகையது என்பதைக் காட்டும் என்பதும் எம் கருத்து.

இச்சொல்லை வடசொல் என்பாரும், பட்டை என்பதனொடு சார்த்தித் தமிழ் என்பாரும் உளர். அவ்வழக்கை ஈண்டு விரிக்க வேண்டுவதில்லை. தட்டையான நீண்ட துண்டு என்பதே இதன் மூலப்பொருள் என்பதில் இருசாராரும் பெரிதும் மாறுபடார். அத்துண்டு நெற்றியிற் கட்டப்பட்டபோது அது பதவியின் அடையாளமாயிற்று. வராகமிகிரரின் பிருகத்சங்கிதை பட்டத்தின் இலக்கணம் கூற ஓர் இயலையே ஒதுக்கியுள்ளது. அரசன் பட்டம் நடுவில் எட்டு விரல் அகலமும், அரசியது ஏழும், இளவரசனது ஆறும், படைத்தலைவனது நான்கும், அருளால் அளிக்கப்படுவது இரண்டும் கொண்டிருத்தல் வேண்டும் என்பது அந்நூலின் வரையறை. அதிகாரம் விரற்கணக்கில் அளந்து கட்டப்பட்டது என்பதை இது காட்டும். தமிழகத்தில் காவிதி, ஏனாதி, எட்டி என்னும் சிறப்புகள் வழங்கின. பாண்டிநாட்டிற் காவிதி என்னும் சிறப்பு எய்தினோரைக் குறிக்கும் நச்சினார்க்கினியர் அதனைப் பட்டம் என்றே சுட்டுதல் நோக்கத்தக்கது. பட்டம் 'கட்டப்படும்'; கட்டப்பட்டவனுக்கு அது சிறப்பும் ஆகும், கடப்பாடும் ஆகும். கட்டு என்னும் வினை இவ்விரண்டையும் ஒருங்கே உணர்த்துகின்றது.

தகட்டை நெற்றியினின்று எடுத்து எழுத்துப் பொறித்தபோது அது பட்டயம் ஆயிற்று. இவ்வகையிற் கம்பம் பள்ளத்தாக்கு நமக்கு அளித்துள்ள பெருஞ்சான்று சின்னமனூர்ச் செப்பேடுகள். அவற்றுட் பெரிய தொகுதி, பாண்டியன் இராசசிம்மன் அளநாட்டு நற்செய்கைப்புத்தூரை மந்தரகௌரவமங்கலம் எனப் பெயரிட்டு அந்தணர் ஒருவர்க்கு அளித்த செய்தியைக் கூறுகின்றது. வடமொழிப் பகுதி கிரந்தத்திலும் தமிழ்ப்பகுதி வட்டெழுத்திலும் அமைந்த இதனைப் பாண்டியர் குடிவழிக்காகவே பலரும் பயில்வர். கொடையின் சொல்லமைப்பை நோக்குவார் சிலரே. இத்தகைய கொடையை ஆய்வேடுகளில் 'பட்டா வழங்கினான்' என எழுதும் வழக்கம் மாணாக்கரிடையே பரவியுள்ளது. இது பிழை. பாண்டியர் செப்பேடுகளிற் பயிலும் காராண்மை, மீயாட்சி என்னும் சொற்கள் உழுதுண்ணும் உரிமையையும் அதன்மேல் நின்ற ஆட்சியுரிமையையும் வேறு வேறாகக் காட்டுவன. இவ்விரண்டையும் பட்டா என்னும் ஒரு சொல்லுள் அடைத்தால் செப்பேட்டின் நுட்பம் முழுதும் மறைந்துவிடும்.

இனி, பட்டயம் ஒன்றே அதிகாரத்தின் ஊற்று எனக் கொள்வதும் பொருந்தாது. வேள்விக்குடிச் செப்பேட்டில், களப்பிரரால் இழந்த ஊரை மீட்டுத் தருமாறு ஒருவன் பாண்டியனிடம் முறையிடுகின்றான். நாட்டாரைக்கொண்டு அதன் பழமையைக் காட்டுமாறு அரசன் பணிக்க, அவன் அவ்வாறே காட்டி ஊரைப் பெறுகின்றான். நாட்டார் சான்று முன்நிற்க, தகடு அதன்பின் வருகின்றது.

பட்டா என்பது மிகப் பிற்காலத்து வரவு. வடநாட்டிற் குத்தகைச் சீட்டையும், நாயின் கழுத்துவாரையும் அச்சொல்லே குறிக்கும் என்பது சுவையான செய்தி. வருவாய்த்துறை வழியே தமிழகத்திற் பரவிய அச்சொல், வரி செலுத்தக் கடவோன் இன்னான் என்பதைக் காட்டும் சீட்டிற்குப் பெயராயிற்று. போடிநாயக்கனூர், கண்டமநாயக்கனூர் முதலிய இடங்களிற் சமீன்தார்க்குப் பட்டம் கட்டுதலும், குடிகளுக்குப் பட்டா கொடுத்தலும் ஒரே காலத்தில் நிகழ்ந்தன. இவற்றின் வேறுபாட்டை வினைகளே காட்டும். பட்டம் 'கட்டப்படும்', பட்டா 'கொடுக்கப்படும்', பின்னர் 'மாறுதல்' செய்யப்படும். 1948ஆம் ஆண்டுச் சட்டத்தாற் சமீன்கள் ஒழிந்தபின் பட்டம் கட்டுதல் வெறும் சடங்காயிற்று, பட்டாவோ நிலைத்தது. எனினும், பட்டா மட்டுமே நிலவுடைமைக்குச் சான்றாகாது என நீதிமன்றங்கள் பலகாலும் கூறியுள்ளன. உழவர் பேச்சில் அஃது உடைமையே. சட்டத்தின் சொல்லும் ஊரின் சொல்லும் ஒலியால் ஒன்றாய்ப் பொருளால் இரண்டாய் நிற்பதனால் விளைந்த வழக்குகள் எண்ணில.

மலைச்சரிவில் இம்மயக்கம் இன்னும் கொடிது. 2006ஆம் ஆண்டு வன உரிமைச் சட்டத்தின்வழிப் பளியர் முதலியோர் பெறும் ஆவணத்தையும் மக்கள் பட்டா என்றே வழங்குவர். அஃது வழிவழியாக வரும்; விற்கவோ பிறர்க்கு மாற்றவோ இயலாது. மாறுதல் என்னும் வினையை ஏலாத ஒன்றைப் பட்டா என்றழைத்தல், பெறுவோனை அறியாமையில் ஆழ்த்துவதாகும். உரிமைச் சான்று என்றே வழங்குதல் நன்று.

கட்டு என்னும் வினையின் மறுபுறத்தையும் காட்டல் வேண்டும். 'திருட்டுப் பட்டம் கட்டினான்' என்பது உலகவழக்கு. பிறமலைக் கள்ளர் நாட்டில் திருமலை நாயக்கர் பெயரால் வழங்கும் செப்புப் பட்டயங்கள் உண்டு. அம்மக்கள்மீதே 1914 முதற் குற்றப் பரம்பரைச் சட்டம் ஏவப்பட்டது. கைரேகைப் பதிவை எதிர்த்து 1920 ஏப்ரல் 3இற் பெருங்காமநல்லூரில் உயிர்நீத்தோரை ஆண்டிபட்டிக் கணவாய்க்கு இருபுறத்தும் இன்றும் நினைவுகூர்வர். ஊர்விட்டு ஊர் செல்ல அவர்கட்கு இராதாரிச் சீட்டு வேண்டியிருந்தது. காவலுக்கு அதிகாரம் தந்ததும் ஓர் அரசின் எழுத்து. நடக்க இசைவு தந்ததும் ஓர் அரசின் எழுத்து. 1947இற் சென்னை மாகாணத்தில் அச்சட்டம் நீக்கப்பட்டது. பட்டம் என்பதற்குச் சிறப்புப்பெயர் என மட்டும் பொருளெழுதும் அகராதி இந்நூற்றாண்டு வழக்கை விட்டுவிடுகின்றது. இழிவு சுமத்தல் என்னும் பொருளைக் கட்டு என்னும் வினையொடு சேர்த்துத் தனியே பதிதல் வேண்டும்.

எஞ்சியது விதைப்பருவத்தைக் குறிக்கும் பட்டம். ஆடிப்பட்டம் எனவும், பட்டம் தப்பிற்று எனவும் ஆண்டிபட்டி மானாவாரிக் காட்டில் வழங்குவர். இதனைக் கட்டுவாரும் இல்லை, கொடுப்பாரும் இல்லை. ஆதலின் யாம் மேற்கொண்ட முறைப்படி இதனை வேறொரு சொல்லாகவே கொள்கின்றோம்.