கலித்தொகையின் வாசகர்கள்: உரை, மடம், அச்சு

பழந்தமிழ் நூல்கள் எக்காலத்தில், எவரால் இயற்றப்பட்டன என்னும் வினாவுக்கு எமது இலக்கிய வரலாறுகள் மிகுந்த இடமளித்துள்ளன. அவை எவரால், எத்தகைய சமூகத் தேவையையொட்டிப் படிக்கப்பட்டன என்னும் வினா அவ்வளவு கவனத்தைப் பெறவில்லை. நூல் ஒருமுறை இயற்றப்படுகின்றது. ஆயினும் அதனைப் பேணிய ஒவ்வொரு காலமும் தன் வாழ்நிலைக்கேற்ப அதற்குப் பொருள் கண்டு வந்துள்ளது. அவ்வாறு வந்து சேர்ந்த பொருளையே நாம் மூலத்தின் பொருளென்று கொள்ளும்போது, இடைக்காலத்து வாசகரின் சமூக நோக்கையும் அறியாது ஏற்றுக்கொண்டவராகின்றோம். இக்கட்டுரை கலித்தொகையை எடுத்துக்காட்டாகக் கொண்டு இப்பிரச்சினையை ஆராய்கின்றது.

ஐரோப்பிய இலக்கிய வரலாற்றில் இலத்தீன் கவிதைக்கு நேர்ந்தது இங்கு ஒப்புநோக்கத்தக்கது. கிறிஸ்துவுக்கு முன்னர் வாழ்ந்த வேர்ஜில், ஒரு குழந்தையின் பிறப்போடு பொற்காலம் மீளும் என்று பாடிய முல்லைநிலக் கவிதை, பிற்காலக் கிறிஸ்தவ வாசகரால் இயேசுவின் வருகையைக் கூறும் தீர்க்கதரிசனமாகக் கொள்ளப்பட்டது. 14ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில், ஓவிட்டின் காமச்சுவை மிகுந்த உருமாற்றக் கதைகள் பிரெஞ்சு மொழியில் சமய நீதிக் கதைகளாக விரித்துரைக்கப்பட்டன. கடவுளர் உலகை நடத்துவதில்லை என்று பாடிய லுக்ரீசியசின் நூலோ பல நூற்றாண்டுகள் பெரும்பாலும் படிப்பாரின்றிக் கிடந்து, 1417இல் பொஜ்ஜோ என்னும் அறிஞரால் மடாலயமொன்றில் மீளக் கண்டெடுக்கப்பட்டது. திருச்சபைக்கு இசைவாகப் பொருள் கொள்ளக்கூடியவை விளக்கம் பெற்றன. அவ்வாறு கொள்ள இயலாதது ஒதுக்கப்பட்டது. ஆனால் ஒதுக்கப்பட்ட நூலையும் படியெடுத்து வைத்திருந்தது மடாலயமே என்பதையும் மறத்தலாகாது.

தமிழிலும் இம்முரண்பாட்டைக் காணலாம்.

கலித்தொகைக்கு எமக்குக் கிடைக்கும் பழைய உரை நச்சினார்க்கினியருடையது. பொதுவாக 14ஆம் நூற்றாண்டினராகக் கருதப்படும் இவர், தொல்காப்பியம், பத்துப்பாட்டு, சீவகசிந்தாமணி ஆகியவற்றுக்கும் உரை கண்டவர். சைவராகிய அவர் சமண காப்பியமொன்றுக்கு இத்துணை விரிவான உரை செய்தமை, உரைமரபின் புலமை நெறி சமய எல்லையைக் கடக்க வல்லதாயிருந்தது என்பதற்குச் சான்றாகும். அவர் சொற்களைத் தொலைவிலிருந்து கொண்டுவந்து கூட்டிப் பொருள் கொள்ளும் முறையை மறைமலையடிகள் தமது முல்லைப்பாட்டு ஆராய்ச்சியுரையில் (1903) கண்டித்தார். அக்கண்டனத்தில் நியாயமுண்டு. எனினும் அவ்வுரையின்றிக் கலித்தொகையின் பல பகுதிகள் எமக்கு விளங்கியிரா.

உரையாசிரியர்களை நிலமானியச் சமூகத்தின் ஊதுகுழல்கள் என்று ஒரே சொல்லில் ஒதுக்கும் போக்கு எமது முற்போக்கு விமரிசகர் சிலரிடம் இருந்து வந்துள்ளது. அது தவறானது என்பதற்கு ஒரு சான்று காட்டலாம். அன்பின் ஐந்திணைக்குத் தலைமக்களாகும் தகுதியைத் தொல்காப்பியம் எல்லார்க்கும் வழங்கவில்லை. அடியோரும் பிறர் ஏவற்றொழில் புரியும் வினைவலரும் அதன் புறத்தேதான் இடம் பெறுகின்றனர். தொல்காப்பியத்துக்கு முதன்முதல் உரை கண்டவராகக் கருதப்படும் இளம்பூரணர் இதற்குக் காரணம் கூறுகின்றார். அகவாழ்வு அறம், பொருள், இன்பம் ஆகிய மூன்றினின்றும் வழுவாது நடத்தல் வேண்டும். பிறர்க்குக் குற்றேவல் செய்து வாழ்வார்க்கு அஃது அரிது என்பது அவர் விளக்கத்தின் சாரம்.

இவ்விளக்கம் ஆழ்ந்து நோக்கத்தக்கது. அடியோர்க்கு அன்பில்லை என்று இளம்பூரணர் கூறவில்லை. தம் உழைப்பும் நேரமும் பிறர் வசமாகியவர்க்கு, இலக்கணம் எதிர்பார்க்கும் காதல் வாழ்வு கைகூடாது என்கின்றார். அவர் அந்த அமைப்பைக் கண்டிக்கவில்லை. அதனை இயல்பானதென ஏற்றுக்கொள்கின்றார். ஆயினும் அகத்திணைக் காதலின் பொருளியல் அடித்தளம் எது என்பதை அவர் ஒளிக்கவில்லை. 20ஆம் நூற்றாண்டின் தேசியவுணர்ச்சி மிக்க திறனாய்வாளர் பலர், அகப்பாடல்களில் பெயர் சுட்டப்படாமையைக் காரணங்காட்டி அவற்றை வேறுபாடற்ற மனிதகுலக் காதலின் வெளிப்பாடாகப் போற்றினர். இடைக்கால உரையாசிரியர் வெளிப்படையாக எழுதி வைத்த வரம்பு, நவீன வாசகரின் பெருமிதத்தில் மறைந்து போயிற்று. இவ்வகையில் இளம்பூரணர் அவர்களிலும் நேர்மையானவர்.

உரைமரபுக்குப் பிந்திய காலத்தில் நிலைமை மாறியது. நிலவுடைமையோடும் சைவ நிறுவனங்களோடும் பிணைந்திருந்த கல்வி மரபில் புராணங்கள், பிரபந்தங்கள், சாத்திரங்கள் ஆகியன முதன்மை பெற்றன. இலக்கணக் கொத்து இயற்றிய திருவாவடுதுறை மடத்துச் சுவாமிநாத தேசிகர், பத்துப்பாட்டு, எட்டுத்தொகை முதலியவற்றைப் பொருட்படுத்திக் கற்போர் வாழ்நாளை வீணாக்குவதாகச் சாடினார். அம்மரபில் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் ஆண்டுக்கணக்கிற் பயின்ற உ. வே. சாமிநாதையர், 1880இல் கும்பகோணத்தில் சேலம் இராமசுவாமி முதலியாரைச் சந்தித்தபோது, தாம் கற்றவை மிகப் பிற்பட்டவை என்பதை உணர நேர்ந்தது. ஆனால் பின்னர் பதிப்பாசிரியர்கள் ஏடு தேடியபோது அவற்றுட் சில அம்மடத்திலிருந்தே கிடைத்தன. பாடத்திட்டத்திலிருந்து விலக்கிய நிறுவனமே பெட்டியில் வைத்துக் காத்தது.

அப்பெட்டி திறக்கப்பட்ட வரலாற்றில் எமது பகுதிக்குச் சிறப்பான இடமுண்டு. யாழ்ப்பாணத்திலிருந்து பருத்தித்துறை செல்லும் வீதியில் நீர்வேலிக்கும் புத்தூருக்கும் இடைப்பட்ட சிறுப்பிட்டியில் 1832இல் பிறந்தவர் சி. வை. தாமோதரம்பிள்ளை. அமெரிக்க மிஷனரிமாரின் வட்டுக்கோட்டைச் செமினரியிற் கற்று, 1857இல் நிறுவப்பட்ட சென்னைப் பல்கலைக்கழகத்தின் முதற் பட்டதாரிகளுள் ஒருவரானவர். குடியேற்ற ஆட்சி தோற்றுவித்த உத்தியோக வகுப்பைச் சேர்ந்த அவர், ஆசிரியராகவும் பத்திரிகாசிரியராகவும் அரசாங்க அலுவலராகவும் பின்னர் புதுக்கோட்டையில் நீதிபதியாகவும் பணியாற்றினார். பௌத்தச் சார்புடைய வீரசோழியம் (1881), தொல்காப்பியப் பொருளதிகாரம் (1885), கலித்தொகை (1887), சமண காப்பியமாகிய சூளாமணி (1889) ஆகியன அவர் முயற்சியால் அச்சேறின. கையில் எடுக்கும்போதே சிதையும் ஏடுகளைக் கண்டு அவர் கொண்ட துயரத்தைக் கலித்தொகைப் பதிப்புரையிற் காணலாம்.

இம்முயற்சியைத் தனிமனிதரின் தியாகம் என்ற அளவில் மட்டும் நோக்குதல் போதாது. ஏடு உரிமையாளரின் வீட்டிலோ மடத்திலோ இருக்கும். அதனைப் படிக்க அவர்தம் அனுமதி வேண்டும். அச்சு நூலோ விலைகொடுத்து வாங்கத்தக்க பண்டம். முதலாளித்துவம் கொண்டுவந்த இம்மாற்றம், குலத்தாலும் தீட்சையாலும் காக்கப்பட்ட பாடத்தைச் சந்தைக்குக் கொணர்ந்தது. அவ்வளவில் அது முற்போக்கானது. ஆனால் சந்தையில் வாங்குவதற்குப் பணமும், வாங்கியதைப் படிப்பதற்குக் கல்வியும் வேண்டும். யாழ்ப்பாணத்திற் கல்வி யாருக்குக் கிடைத்தது என்பதை நாம் அறிவோம். ஒடுக்கப்பட்ட சாதிப் பிள்ளைகள் மற்றவரோடு சரிசமமாக வாங்கில் அமர்வதற்குரிய சம ஆசனக் கோரிக்கை 1920களின் இறுதியிலும் 1930களிலும் கடும் எதிர்ப்புக்குள்ளானது. பாடசாலைகளுக்குத் தீயிடவும் பட்டது. கலித்தொகை அச்சாகி நாற்பது ஆண்டுகளுக்குப் பின்னரும் அதன் வாசகராகும் உரிமை போராடிப் பெறவேண்டியதாகவே இருந்தது.

இவ்விடத்தில் கலித்தொகையின் 94ஆம் பாடலை நோக்குதல் பொருத்தமாகும். அரண்மனையில் ஏவல் புரியும் கூனி ஒருத்தியும் குறளன் ஒருவனும் உரையாடுவதாக அமைந்த பாடல் அது. அவன் அவளை விரும்பி அழைக்கின்றான். அவள் அவன் உருவை இகழ்கின்றாள். அவனும் அவள் உருவை இகழ்கின்றான். ஏச்சுக்கு ஏச்சு வளர்ந்து, ஈற்றில் இருவரும் இணங்குகின்றனர். இப்பாடல் பெருந்திணை என்னும் வகைக்குள் வைக்கப்பட்டது. நவீன திறனாய்வாளரும் நகைச்சுவைக்கு எடுத்துக்காட்டாக இதனைக் குறிப்பிட்டுச் சென்றனர்.

ஆனால் பாடலின் இறுதியில், அரண்மனையில் உள்ளவர்கள் தம்மைக் கண்டு சிரிக்காதிருத்தல் வேண்டும் என்னும் கவலை அவர்கள் பேச்சில் வெளிப்படுகின்றது. எனவே அவர்கள் அங்கிருந்து விலகிச் சோலைக்குச் செல்ல விழைகின்றனர். சிரிப்பவர் யார்? அரண்மனையார். அவர்கள் சிரிப்புக்கு அஞ்சுபவர் யார்? அங்கு ஏவல் செய்பவர். இப்பாடலை நகைச்சுவை என்று மட்டும் வகைப்படுத்தும் வாசகர், தம்மை அறியாமலே அரண்மனையாரின் இடத்தில் நின்று படிக்கின்றார். பாடலை இயற்றிய புலவனும் அவ்விடத்தில் நின்றே பாடியிருக்கலாம். அதை நாம் மறுக்க வேண்டியதில்லை. எனினும் ஏவலாளரின் அச்சத்தை அவன் பதிவு செய்துவிட்டான். சமூக யதார்த்தம் கலைஞனின் வர்க்கச் சார்பையும் மீறி அவன் படைப்பில் வெளிப்படும் என்பதற்கு இதனினும் தெளிவான உதாரணம் வேண்டுவதில்லை.

கிரேக்கக் கலை குறித்து மார்க்ஸ் 1857இல் எழுப்பிய வினா பலரும் அறிந்ததே. அக்கலை குறிப்பிட்ட சமூக வளர்ச்சி நிலையோடு பிணைந்தது என்பதை உணர்வது கடினமன்று. அச்சமூகம் மறைந்த பின்னரும் அது எமக்கு இன்பம் பயப்பது எங்ஙனம் என்பதே அவர் கண்ட சிக்கல். அதற்கு அவர் மனிதகுலத்தின் குழந்தைப் பருவத்தைச் சுட்டி விடை கூறினார். கலித்தொகையைப் பொறுத்தவரை அவ்விடையோடு மற்றொன்றையும் சேர்த்தல் வேண்டும். பாடலுக்குள் இருந்த முரண்பாடு இன்னும் தீரவில்லையாதலால் அது எம்மோடு பேசுகின்றது.

புத்தூர்ப் பகுதி இதனை நன்கறியும். தாமோதரம்பிள்ளை பிறந்த ஊரை அடுத்துள்ள அதே புத்தூரில், 2017இல் கலைமதிக் கிராமத்து மக்கள், குடிமனைகளுக்கு இடையே அமைந்த மயானத்தை அகற்றக் கோரி நெடுநாட் போராட்டம் நடத்தினர். யாருடைய வாழ்வு மதிப்பு வாய்ந்தது என்னும் கேள்வியே அங்கும் எழுந்தது. எமது கிராமங்களின் சனசமூக நிலையங்களில் பத்திரிகை படிக்கும் இளைஞர் கலித்தொகையையும் படிக்கத் தொடங்குவாராயின், 94ஆம் பாடலைக் கேட்டு அவர்கள் முதலிற் சிரிப்பார்களா என்பது ஐயமே.

உரையாசிரியரின் புலமையும் மடத்தின் காவலும் சிறுப்பிட்டியாரின் உழைப்பும் எமக்கு வேண்டும். அவர்களுக்கு நாம் கடன்பட்டுள்ளோம். ஆனால் அவர்கள் வாசித்த இடத்திலிருந்தே நாமும் வாசித்தல் வேண்டும் என்னும் கடப்பாடு எமக்கில்லை. பல்கலைக்கழகத் தமிழ்த்துறைகள் சங்க நூல்களைக் கற்பிக்கையில் மூலத்தோடு அதன் வாசகர் வரலாற்றையும் பாடமாக்குதல் அவசியம். இளம்பூரணர் கூறிய காரணத்தை மாணவர் படிக்கட்டும். அதனை ஏற்பதா மறுப்பதா என்பதைப் பின்னர் அவர்களே விவாதிக்கட்டும். அடியோர்க்கு ஐந்திணை இல்லை என்ற விதி எந்தச் சமூகத்துக்கு உரியதோ அந்தச் சமூகத்தோடு அதனை வைத்துப் பார்க்கும் வாசகரே, கலித்தொகையை முழுமையாகப் படித்தவராவர்.