அங்கியின் நிறம்

1901-இல் பர்மிங்காமில் எடுத்த மௌனப்படம் ஒன்று. பட்டமளிப்பு நாளன்று பல்கலைக்கழகத்தார் அங்கியும் தொப்பியுமாக ஊர்வலம் போகிறார்கள். அவ்வளவுதான் படம். பட்டமளிப்புன்னு சொல்லிட்டு பட்டம் கொடுக்கிற காட்சியே இல்லையே என்று தோன்றலாம். எனக்கு அது குறையாகப் படவில்லை.

ஒரு காரணம் வெளிச்சம். அந்தக் காலத்து ஃபிலிமுக்கு வெயில் வேண்டும். மண்டபத்துக்குள் படம் பிடிப்பது லேசான காரியம் இல்லை. இன்னொன்று காசு. எடுத்தவர்கள் ப்ளாக்பர்ன் ஊரின் மிட்செல், கென்யன் என்ற இருவர். ஊர் ஊராகப் போய்ப் படம் காட்டுகிறவர்களுக்காக நிறைய எடுத்தார்கள். தெருவில் எத்தனை முகம் பதிகிறதோ அத்தனை டிக்கெட். தன்னைத் திரையில் பார்க்க யார்தான் வரமாட்டார்கள்?

ஆனால் இதையும் தாண்டி ஒன்று இருக்கு. அந்தப் பல்கலைக்கழகத்துக்கு அரச சாசனம் கிடைத்தது 1900-இல்தான். முதல் வேந்தர் ஜோசப் சேம்பர்லின், திருகாணித் தொழிலில் சம்பாதித்தவர். தொழிற்சாலை நகரம் தனக்கென்று உண்டாக்கிக்கொண்ட பல்கலைக்கழகம் அது. ஒரு வயதுக் குழந்தைக்குத் தாத்தா சட்டை போட்ட மாதிரி, இடைக்கால அங்கியை மாட்டிக்கொண்டு தெருவில் இறங்குகிறது. "நாங்களும் பல்கலைக்கழகம்தான்" என்று ஊருக்குச் சொல்லும் இடம் மண்டபம் இல்லை, தெரு. கேமரா சரியான இடத்தில்தான் நின்றிருக்கிறது.

இவர்களுடைய நெகட்டிவ்கள் சுமார் 800, 1994-இல் ப்ளாக்பர்னில் ஒரு கடையின் நிலவறையில் மூன்று பீப்பாய்களில் கிடைத்தன. பிரிட்டிஷ் ஃபிலிம் இன்ஸ்டிடியூட் அவற்றைச் சீர்செய்தது. கையால் சுழற்றி எடுத்த படங்கள் என்பதால், ஓட்டும் வேகம் முக்கியம். இன்றைய வேகத்தில் ஓட்டினால் பேராசிரியர்கள் பஸ்ஸைப் பிடிக்க ஓடுகிற மாதிரி ஆகிவிடும். ஊர்வலத்தின் மிடுக்கே போச்சு.

இப்போது இந்த மாதிரிப் பழைய படங்களுக்கு மென்பொருளால் வண்ணம் பூசி இணையத்தில் விடுகிறார்கள். கடைத்தெருக் காட்சிக்கு அது வெறும் அலங்காரம் என்று விட்டுவிடலாம். பட்டமளிப்பு ஊர்வலத்தில் முடியாது. அங்கியின் மேல் தொங்கும் பட்டையின் நிறம்தான் அவர் என்ன பட்டம், எந்தத் துறை, எந்தப் பல்கலைக்கழகம் என்று சொல்கிறது. மென்பொருள் அதை ஊகிக்கிறது. யாருக்கோ அவர் வாங்காத பட்டத்தை 120 வருஷம் கழித்துக் கொடுத்துவிடுகிறது.

கறுப்பு வெள்ளையிலேயே பாருங்கள். அதில் தெரியாதது நிறைய உண்டு, பொய் இல்லை.