கன்னடத்தில் பகர ஹகர மாற்றம்: விளக்கமுறைகள் பற்றிய ஒரு திறனாய்வு

பெங்களூரின் ஒரு பகுதியைக் கன்னடர் ஹலசூரு என்பர். அங்கு நெடுங்காலமாக வாழும் தமிழர் அல்சூர் என்பர். நகருக்குத் தென்கிழக்கே, தமிழ்நாட்டு எல்லைக்குள் அமைந்த ஊர் கன்னடருக்கு ஹொசூரு, தமிழருக்கு ஓசூர். முன்னதன் பெயரில் பலாவைக் குறிக்கும் ஹலசு என்னும் சொல் இருப்பதாகப் பொதுவாகக் கொள்வர். பின்னது புதிய ஊர் எனப் பொருள்படும். ஹலசு பழங்கன்னடத்தில் பலசு. ஹொச என்பது பொச. பகரம் ஹகரமாகி, ஹகரமும் தேய்ந்து மறையும் மூன்று நிலைகளை இப்பெயர்களில் ஒருங்கே காணலாம். இம்மாற்றத்துக்குப் பொதுவாகத் தரப்படும் விளக்கங்கள் எந்த அளவுக்குப் பொருந்தும் என்பதை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

1. சிதைவு என்னும் விளக்கம்

தமிழ்ப் பால், பத்து, பல், புலி, போ ஆகியவற்றுக்கு நேராகக் கன்னடத்தில் ஹாலு, ஹத்து, ஹல்லு, ஹுலி, ஹோகு ஆகியன வழங்குகின்றன. தமிழ் வடிவமே மூலம் என்றும், கன்னட வடிவம் அதன் சிதைவு என்றும் கூறும் எழுத்துகள் தமிழில் பல. சிதைவாயின் அது நெறியின்றி நிகழ்ந்திருத்தல் வேண்டும். இங்குக் காணப்படுவதோ கண்டிப்பான நெறி. சொல்லின் முதலில் நின்ற ஒலிப்பிலாப் பகரமே ஹகரமாயிற்று. அப்ப, உப்பு, துப்ப (நெய்) போன்ற சொற்களில் இரட்டித்த பகரம் இன்றும் அவ்வாறே உள்ளது. பூஜெ, பத்ர, புஸ்தக போன்ற வடசொற்களில் முதற்பகரம் நிலைத்துள்ளது. கற்றோர் வழக்கும் எழுத்து மரபும் அவற்றைக் காத்தன. தமிழ் வகரத்துக்கு நேராகக் கன்னடத்தில் வரும் ஒலிப்புடைய பகரமும் மாறவில்லை. வா, வில், வளை என்பவற்றுக்கு நேரான சொற்கள் கன்னடத்தில் அவ்வொலிப்புடைய பகரத்துடனேயே இன்றும் ஒலிக்கின்றன.

ஹளேபீடு என்னும் ஊர்ப்பெயர் இதற்குத் தக்க சான்று. பழைய என்பதோடு உறவுடைய பழெ என்னும் சொல்லில் பகரம் ஹகரமாயிற்று, ழகரம் ளகரமாயிற்று. வீடு என்பதற்கு நேரான பிற்பகுதி ஒலிப்புடைய பகரம் பெற்று மாறாது நின்றது. ஒரே பெயருக்குள் ஒரு பகரம் மாறியது, மற்றொன்று மாறவில்லை. தமிழ் எழுத்தில் இரண்டுக்கும் ஒரே வடிவம் ஆதலால் இவ்வேறுபாடு தமிழ் வாசகர் கண்ணுக்குப் புலப்படுவதில்லை.

இத்தகைய மாற்றம் கன்னடத்துக்கு மட்டும் உரியதன்று. ஜப்பானிய மொழியிலும் பழைய பகரம் இதழுரசொலியாகி, பின்னர்ப் பெரும்பாலும் ஹகரமாயிற்று. ஜெர்மானிய மொழிகளில் பகரம் உரசொலியானதை யாக்கோபு கிரிம் 1822ஆம் ஆண்டு நெறிப்படுத்திக் காட்டினார். இதழ்கள் முற்றிலும் மூடாது தளர்ந்தால் தடையொலி உரசொலியாகும். இதழ்களின் பங்கு மேலும் குறைந்தால் எஞ்சுவது மூச்சொலியே. கன்னடத்திலும் இடைநிலையாக ஓர் உரசொலி இருந்திருத்தல் இயல்பு. கன்னடப் பேச்சுவழக்குகள் பலவற்றில் அம்மூச்சொலியும் மறைந்து, ஹாலு என்பது ஆலு என ஒலிக்கிறது. தமிழில் ஹகரம் மொழிமுதல் எழுத்தன்று. ஆகவே அல்சூர், ஓசூர் ஆகிய வடிவங்கள் தமிழர் நாவால் மட்டுமே தோன்றியவை என்று துணிதல் இயலாது; கன்னடப் பேச்சுவழக்கும் அவற்றுக்கு இடமளித்திருக்கலாம்.

2. எழுத்தை ஒலியாகக் கொள்ளும் விளக்கம்

மாற்றத்தின் காலத்தை வரையறுப்பதில் எழும் பிழை வேறு வகையினது. பத்தாம் நூற்றாண்டளவில் ஹகர வடிவங்கள் தலைகாட்டத் தொடங்கிப் பதினான்காம் நூற்றாண்டளவில் மாற்றம் நிறைவுற்றது என்பது பொதுவாக ஏற்கப்படும் கருத்து. அ. நா. நரசிம்மய்யாவின் பழங்கன்னடக் கல்வெட்டிலக்கணம் (1941), ஜி. எஸ். காயின் பழங்கன்னட வரலாற்றிலக்கணம் (1946) ஆகியன இத்துறைக்கு அடித்தளமிட்டன. ஆயினும் கல்வெட்டில் ஹகரம் முதன்முதல் தோன்றும் ஆண்டை மாற்றம் தொடங்கிய ஆண்டாகக் கொள்ளுதல் தவறாகும். எழுதுவோன் கற்ற மரபு பகரத்தை எழுதச் செய்யும். அவன் நாக்கு ஹகரத்தை ஒலித்திருக்கலாம். முதல் ஹகரம் காட்டுவது மாற்றத்தின் பிந்திய எல்லையையேயன்றித் தொடக்கத்தையன்று.

இலக்கியச் சான்றுகளிலும் இவ்வெச்சரிக்கை வேண்டும். பன்னிரண்டாம் நூற்றாண்டு வசனங்களில் ஹகர வடிவங்கள் மிகுதி. ஆனால் அவை பதினைந்தாம் நூற்றாண்டை ஒட்டிப் பெருமளவில் தொகுக்கப்பட்டவை. படியெடுத்தோரின் ஒலி ஆசிரியரின் ஒலியாகத் தோன்றக்கூடும்.

பதின்மூன்றாம் நூற்றாண்டினரான கேசிராசர் தம் சப்தமணி தர்ப்பணத்தில் ழகரம் பெறும் சொற்களைத் தொகுத்துத் தருகிறார். எல்லோரும் ஒலிக்கும் ஓர் ஒலிக்குப் பட்டியல் தேவையில்லை. அப்பட்டியல் ழகரம் வாழ்ந்தமைக்கன்று, பேச்சில் அது மறைந்தமைக்கே சான்றாகிறது. கன்னடத்தில் மழெ இன்று மளெ. தமிழகத்தின் தென்பகுதிப் பேச்சிலும் மழை மளை என ஒலிப்பது கேட்கப்படுகிறது. இரு மொழிகளிலும் நிகழ்ந்தது ஒரே மாற்றம். கன்னட எழுத்து அதை ஏற்றது. தமிழ் எழுத்து ஏற்கவில்லை. எழுத்தின் இவ்வேறுபாட்டை மொழிகளின் தொன்மை வேறுபாடாகக் கருதுவது மயக்கமேயாம்.

3. தாய் மகள் என்னும் விளக்கம்

பகரத்தை மட்டும் நோக்கினால் தமிழ் பழமையையும் கன்னடம் புதுமையையும் காட்டுகின்றன. ககரத்தை நோக்கினால் நிலை தலைகீழாகிறது. தமிழ்ச் செவி, சேரி, செய், சிறிது ஆகியவற்றுக்குக் கன்னடத்தில் கிவி, கேரி, கெய், கிறிது ஆகியன நேராகும். இங்குப் பழைய ககரத்தைக் காத்தது கன்னடம். இ, எ முதலிய முன்னுயிர்களுக்கு முன் சகரமாக மாற்றியது தமிழ். இம்மாற்றத்துக்கும் நிபந்தனை உண்டு. கிளி, கெடு, கேள், கீழ் ஆகியவற்றில் நாமடி ஒலி தொடர்வதால் தமிழிலும் ககரம் மாறவில்லை. டி. பரோ 1943ஆம் ஆண்டு வெளியிட்ட கட்டுரை இவ்வாய்வுக்கு முதன்மையானது.

கிவி என்பதைச் செவியினின்று பெற வேண்டுமாயின், முன்பு சகரமான ஒலி கன்னடத்தில் மீண்டும் ககரமானதாகக் கொள்ளவேண்டும். செவியைக் கிவியினின்று பெற முயன்றால் இத்தடை இல்லை; ஆனால் ஹாலு பாலுக்குத் தாயாகும் இடர் எழும். ஆகவே ஒன்றினின்று மற்றொன்று பிறந்தது என்னும் முடிவு எத்திசையிலும் நிலைபெறாது. இரண்டும் ஒரு பொதுமூலத்தினின்று பிரிந்து, வெவ்வேறு இடங்களில் பழமையைக் காத்தும் இழந்தும் வந்தவை என்பதே தரவுகளுக்குப் பொருந்தும் முடிவாகும். எல்லிசு 1816ஆம் ஆண்டும் கால்டுவெல் 1856ஆம் ஆண்டும் தொடங்கிவைத்த ஒப்பியல் வழி இதையே உணர்த்துகிறது.

இது ஏட்டளவில் நிற்கும் வாதமன்று. கன்னடம் தமிழினின்று பிறந்தது என்னும் மேடைப்பேச்சு ஒன்று 2025ஆம் ஆண்டு கர்நாடகத்தில் பெருங்கிளர்ச்சியை எழுப்பி, அம்மாநில உயர் நீதிமன்றம் வரை சென்றது. கிவி, செவி என்னும் ஒரு சொல்லிணையை விளக்கும் வாய்ப்பு அன்று மொழியியலாருக்கு இருந்தது. பொதுமக்கள் செவியில் விழுந்ததோ பெருமிதமும் சினமுமே.

4. மொழிபெயர்ப்பாளருக்கு எழும் வினா

பெங்களூர் என எழுதுவதா, பெங்களூரு என எழுதுவதா என்னும் வினாவும் ஒலிமாற்றத்தோடு தொடர்புடையது. 2014ஆம் ஆண்டு நவம்பர் முதல் நாள் பெங்களூரு என்னும் வடிவம் ஆங்கிலத்திலும் அரசுவழி நடைமுறைக்கு வந்தது. பழங்கன்னடத்தில் ஊர், கல், பால் என மெய்யீறாக நின்ற சொற்கள் பின்னர் உகர ஈறு பெற்றன. இவ்வகையில் தமிழ்ப் பெங்களூர் பழைய ஈற்றைக் காட்டுகிறது. தமிழ்ப் பேச்சிலோ ஊரு என்பதே பெருவழக்கு. எனவே ஒரு வடிவம் தூயது, மற்றது திரிந்தது என்னும் பேச்சுக்கு இங்கும் இடமில்லை.

வெந்த அவரையால் ஊர் பெயர்பெற்றது என்றும், அது ஹொய்சள வேந்தன் வீரவல்லாளன் காலத்தது என்றும் வழங்கும் கதையும் காலத்தால் நிற்பதன்று. ஏறத்தாழ 900ஆம் ஆண்டினதான பேகூர்க் கல்வெட்டே பெங்களூர்ப் போரைக் குறிப்பிடுகிறது; வல்லாளனோ பன்னிரண்டாம் நூற்றாண்டின் பிற்பகுதியினன். பெயரின் ஒலியொப்புமையை மட்டும் கொண்டு பொருள் கற்பிப்பதன் விளைவு இது.

மொழிபெயர்ப்பில் வாழும் ஊர்ப்பெயரை அதன் மக்கள் ஒலிக்கும் வடிவிலோ தமிழில் வேரூன்றிய வடிவிலோ எழுதலாம். நூல் முழுவதும் ஒன்றையே பின்பற்றுதல் வேண்டும். ஹளேபீட்டைப் பழையவீடு எனத் தமிழ்ப்படுத்துவது உறவைக் காட்டுவதுபோல் தோன்றினும், அப்பெயர் கன்னட மண்ணில் கடந்துவந்த வரலாற்றை அழித்துவிடும். அவ்வுறவைக் காட்ட அடிக்குறிப்பு உள்ளது. பெயரின் வடிவம் அதன் மக்களுக்கு உரியது.