பட்வர்த்தன் படங்களில் ‘நான்’

திரையரங்குகளில் முதன்மைப் படத்திற்கு முன்னர் அரசின் செய்திப்படம் ஓடிய காலத்தை நம்மில் மூத்தோர் மறந்திருக்கமாட்டார்கள். அணைகளும் ஆலைகளும் அணிவகுக்க, முகமறியாக் குரலொன்று யாவற்றையும் விளக்கிச் செல்லும். அக்குரலுக்கு ஐயம் எழுந்ததே இல்லை. ஆனந்த் பட்வர்த்தனின் ஆவணப்படங்களை மதிப்பிடப் புகுங்கால் அக்குரலையே முதலில் நினைவுகூர வேண்டியுள்ளது.

1985-இல் வெளிவந்த ‘பம்பாய் நமது நகரம்’ குடிசைகளை இடித்தகற்றிய கொடுமையைக் கூறுவது. அதில் எளிய பெண்ணொருத்தி படமெடுப்பவரையே சாடுகிறாள். ஏழைகளைப் படம்பிடித்துப் பெயரெடுக்க வந்தீரோ என்னும் பொருள்படச் சீறுகிறாள். வேறொருவராயின் அக்காட்சியை வெட்டியெறிந்திருப்பர். இவர் வைத்துக்கொண்டார். நேர்மை என்று பாராட்டிவிட்டு நாம் அகன்றுவிடலாம். ஆனால் அவள் வினாவிற்குப் படத்தினுள் விடையில்லை. படம் தேசிய விருது பெற்றதோ அவ்வினாவை மேலும் கூர்மையாக்குகிறது.

1992-இன் ‘ராமனின் பெயரால்’ படத்தில் அவர் கேட்பவராகவே நிற்கிறார். எளிய கேள்விகளே பெரிய முழக்கங்களைத் தடுமாற வைக்கின்றன. பொக்ரான் வெடிப்புக்குப் பின் உருவான ‘போரும் அமைதியும்’ (2002) காந்தியடிகளின் கொலையையும் தம் குடும்ப நினைவையும் கொண்டு தொடங்குகிறது; தொடக்கம் அழகு. ஆயினும் போகப்போக விளக்கவுரை மிகுந்து, காட்சி தானே சொல்லிவிட்டதைக் குரல் மீண்டும் சொல்கிறது. பழைய செய்திப்படத்தின் சாயல் எதிர்முனையிலிருந்து எட்டிப்பார்க்கிறதோ என நாம் ஐயுறுகிறோம். தணிக்கையாளர் கேட்ட வெட்டுகளை எதிர்த்து உயர்நீதிமன்றத்தில் அவர் வென்றது வேறு செய்தி. வழக்கில் வென்றது கலையில் வென்றதற்குச் சான்றாகாது.

அப்பெண்ணின் வினாவிற்கு விடை 2011-இல்தான் கிட்டியது எனலாம். ‘பம்பாய் நமது நகரம்’ படத்தில் பாடிய மக்கள் கவிஞர் விலாஸ் கோக்ரே. 1997 ஜூலையில், அம்பேத்கர் சிலை இழிவுபடுத்தப்பட்டதை எதிர்த்து காட்கோபர் ரமாபாய் நகரில் திரண்டோர்மீது காவல்துறை சுட்டதில் பத்துப்பேர் மாண்டனர். ஆற்றாமையால் கோக்ரே தூக்கிட்டுக்கொண்டார். அந்த இழப்பிலிருந்து பிறந்த ‘ஜெய் பீம் காம்ரேட்’ முடியப் பதினான்கு ஆண்டுகள் ஆயின. விருதோடு முடிந்துவிடாத உறவொன்று அதற்குள் இருக்கிறது. நெடிய படந்தான், ஒரே அமர்வில் காண்பது எளிதன்று. ஆனால் வழக்குகள் ஊர்ந்து செல்ல, காமிரா பாடகர்களோடு பொறுமையாக அமர்ந்திருக்கிறது. உரை அடங்க, பாட்டே வாதமாகிறது. செங்கொடியின்கீழ்ப் பாடிய கோக்ரே, இறக்குங்கால் நெற்றியில் நீலத்துணி கட்டியிருந்தார். ஏன் என்பதற்கு இயக்குநர் தாமே விடைகூறி முடித்துவிடவில்லை; அவரை அறிந்தோரையும் அவருக்குப் பின் பாடவந்தோரையும் தேடிச் செல்கிறார்.