அம்மாவின் கடிதங்களும் ரயில் இரைச்சலும்

"என்ன படம் இது? ஒண்ணுமே நடக்கலையே!" என்று இருபதாவது நிமிடத்தில் என் மனைவி எழுந்து போய்விட்டாள். அவள் சொன்னதில் தப்பில்லை. ஷாந்தால் அக்கர்மான் 1976-இல் எடுத்த 'நியூஸ் ஃப்ரம் ஹோம்' படத்தில் கதையும் இல்லை, பாத்திரங்களும் இல்லை. நியூயார்க்கின் தெருக்கள், சுரங்க ரயில், நடைமேடை. அவற்றின்மேல் ஒரு பெண்குரல் கடிதங்களை வாசித்துக்கொண்டே போகிறது.

அக்கர்மான் 1950-இல் பிரஸ்ஸல்ஸில் பிறந்த யூதப் பெண். இருபத்தொரு வயதில் நியூயார்க் போனவருக்கு அம்மா எழுதிய கடிதங்களே இவை. வாசிப்பவரும் மகள்தான். உடம்பு எப்படி இருக்கு, வியாபாரம் மந்தம், உறவில் விசேஷம், ஏன் கடிதமே காணோம். இந்தக் கடைசிக் கேள்விதான் திரும்பத் திரும்ப வருகிறது. (நான் தில்லிக்கு வந்த புதிதில் எனக்கு வந்த இன்லேண்டு லெட்டர்களிலும் ஏறக்குறைய இதே பாடந்தான்.)

அந்த அம்மா ஆஷ்விட்ஸ் வதைமுகாமிலிருந்து உயிர் மீண்டவர். அவருடைய பெற்றோர் மீளவில்லை. படத்தில் இதைப்பற்றி ஒரு பேச்சும் கிடையாது. ஆனால் இதைத் தெரிந்துகொண்டு கேட்டால், 'ஏன் எழுதவில்லை?' என்பது சாதாரண அம்மாப் புலம்பலாகக் காதில் விழுவதில்லை.

ரயில் வரும்போது வாசகம் பாதியில் அமிழ்ந்துபோகிறது. குரலைத் தூக்கி வைத்திருக்கலாம், வேண்டுமென்றேதான் வைக்கவில்லை. அம்மா பேசிக்கொண்டே இருக்கிறாள், ஊர் இரைச்சலில் நமக்குக் கேட்கவில்லை. மகளுக்கும் அப்படித்தானே இருந்திருக்கும்?

அதே நகரத்தில் 1989-இல் அவர் எடுத்த 'அமெரிக்கக் கதைகள்' எனப் பொருள்படும் பிரெஞ்சுத் தலைப்புள்ள படத்தில், நடிகர்கள் காமிராவைப் பார்த்து, குடியேறிய யூதர்களின் கதைகளைச் சொல்கிறார்கள். யூத வாழ்வை நேராகப் பேசும் படம். இருந்தும் என் மனசு அதில் ஒட்டவில்லை. ஒவ்வொரு கதையும் மனப்பாடமாக, முழுசாக முடிந்துவிடுகிறது. நடுவே வரும் ஜோக்குகள் மட்டும் பிரமாதம்.

தாய் 2014-இல் மறைந்தார். 2015-இல் வந்த 'நோ ஹோம் மூவி'யில்தான், அந்த அம்மாவின் சமையலறை மேசையில், போர்க்காலப் பேச்சு எழுகிறது. மகளும் அதே ஆண்டு போய்விட்டார்.

முதலில் சொன்ன படத்தின் கடைசிக் காட்சி சுமார் பத்து நிமிடம் ஓடுகிறது. படகு மான்ஹாட்டனை விட்டு விலக, 2001-இல் வீழ்ந்த இரட்டைக் கோபுரங்கள் மூடுபனியில் மங்குகின்றன. தண்ணீர்ச் சத்தம் கேட்கிறது. கடிதம் வாசிக்கும் குரல் இல்லை.