அப்பாவுக்குக் கதை சொல்பவர் யார்?

ஸ்ரீதரின் ‘காதலிக்க நேரமில்லை’ 1964இல் வெளிவந்தது. இன்றும் அது தொலைக்காட்சியில் வந்தால் திண்டிவனத்தில் எங்கள் தெருப் பெண்கள் கைவேலையை வைத்துவிட்டு உட்காருகிறார்கள். செல்லப்பாவாக வரும் நாகேஷ் திகில் கதை சொல்ல, அப்பா விஸ்வநாதனாக வரும் பாலையா வெலவெலத்துப் போகும் காட்சியை எத்தனை முறை பார்த்தாலும் சிரிக்கிறார்கள். அறுபது ஆண்டுகளாக அந்தச் சிரிப்பு ஏன் தேயவில்லை?

நடிப்பு ஒரு காரணம். இன்னொன்று நம் வீடு. என்ன படிப்பது, எத்தனை மணிக்குத் திரும்புவது, செல்போன் யார் கையில் இருப்பது, யாருக்குக் கழுத்தை நீட்டுவது எல்லாம் அப்பாவின் சொல்லில் நிற்கின்றன. அந்த அதிகாரம் பயந்து நடுங்குவதைப் பார்ப்பது நமக்கு அரிதாகக் கிடைக்கும் சந்தோஷம்.

ஆனால் நடுங்க வைப்பவன் மகன். வேலை இழந்த அசோக் பணக்காரனாக நடிக்கிறான். வாசு கிழவர் வேடம் போட்டு அவனுக்கு அப்பாவாகிறான். ராஜஸ்ரீயும் காஞ்சனாவும் நடித்த மகள்கள் பட்டணத்தில் படித்தவர்கள், வாய்த்துடுக்கு உள்ளவர்கள். ஆனாலும் அப்பாவிடம் ஆடும் நாடகத்தில் அவர்களுக்குத் துணை வேடம்தான்.

பிரெஞ்சுப் படமான ‘அமெலி’ (2001, இயக்கம்: ழான்-பியர் ஜெனே) இதே விளையாட்டை மகள் கையில் கொடுக்கிறது. அமெலி பாரிஸில் ஒரு காபிக் கடையில் பரிமாறுகிறாள், தனியாக வசிக்கிறாள். மனைவியை இழந்து வீட்டில் முடங்கிய அப்பாவின் தோட்டத்துக் குள்ளன் பொம்மையைத் திருடி, விமானப் பணிப்பெண்ணான தோழியிடம் கொடுத்தனுப்புகிறாள். பொம்மை ஊர் ஊராக நிற்கும் புகைப்படங்கள் அப்பாவுக்குத் தபாலில் வருகின்றன. கடைசியில் அவரே பெட்டியோடு கிளம்பிவிடுகிறார். காதலனையும் புதிர் போட்டு அலைய விடுகிறாள். இந்தக் குறும்புக்கு அடியில் சொந்தச் சம்பளமும் சொந்த வீட்டுச் சாவியும் இருக்கின்றன. நம் காஞ்சனாவும் சினிமாவுக்கு வருமுன் விமானப் பணிப்பெண்ணாக இருந்தவர். நடிகைக்கு இருந்த அந்தச் சம்பாத்தியம் பாத்திரத்துக்குக் கிடைக்கவில்லை.

இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். விஸ்வநாதன் பணத்தைப் பார்க்கிறார்; சாதியை விசாரிப்பதில்லை. படம் இவ்வளவு லேசாக இருப்பதற்கு இந்த மௌனமும் காரணம். நம் பக்கம் முதல் கேள்வியே சாதிதான். ரகசியமாகப் பதிவுத் திருமணம் செய்துகொண்ட கண்ணகியும் முருகேசனும் 2003இல் விருத்தாசலம் அருகே கொல்லப்பட்டார்கள். அது நமக்குப் பக்கத்து மாவட்டம். அங்கே அப்பாவிடம் மறைத்த காதல் வெளியே வந்தபோது யாரும் சிரிக்கவில்லை.

இதனால் படத்தை வெறுக்க வேண்டியதில்லை. எனக்கும் அது பிடிக்கும். மாணவிகளுக்கு ஒரு கேள்வியை மட்டும் வைக்கிறேன்: அதே திகில் கதையை நிர்மலாவோ காஞ்சனாவோ சொல்லியிருந்தால் பாலையா பயந்திருப்பாரா, கை ஓங்கியிருப்பாரா? மகள் கதை சொல்லி, அப்பா பயந்து, வீடே சிரிக்கும் ஒரு தமிழ்ப் படத்துக்காகக் காத்திருக்கிறேன்.